ஜன்னல் வழியாக எதற்குச் சாப்பாடு?

கேள்வி: என் மகளுக்கு 23 வயது. வேலை பார்த்த இடத்தில் வேறு சாதிப் பையனை விரும்பினாள். என் கணவரும் கொழுந்தனாரும் அவளை அழைத்துவந்து தோட்டத்து வீட்டில் வைத்திருக்கிறார்கள். இரண்டு வாரம் ஆகிறது. ஒரு குறையும் வைக்கவில்லை, மூன்று வேளையும் நானே ஜன்னல் வழியாகச் சாப்பாடு கொடுக்கிறேன். இப்போது அவளுடைய தோழி மதுரை உயர் நீதிமன்றக் கிளையில் ஆட்கொணர்வு மனு போட்டிருக்கிறாள். பெற்றவர்கள் மீதே அப்படிப் போட முடியுமா? ‘அம்மா அப்பாவோடுதான் போவேன்’ என்று நீதிபதியிடம் சொல்ல அவளை எப்படிப் பழக்குவது?
— ஒரு தாய், திண்டுக்கல் மாவட்டம்

பதில்: முடியும் அம்மா. அடைத்து வைக்கப்பட்டவரை நீதிமன்றத்தில் கொண்டுவந்து நிறுத்தச் சொல்லிக் கேட்பதுதான் ஆட்கொணர்வு மனு. போலீஸ் பிடித்து வைத்தால்தான் அந்த மனு என்று பலர் நினைக்கிறார்கள். அடைத்து வைத்தவர் தகப்பனாக இருந்தாலும் அரசியல் சட்டத்தின் 226வது பிரிவில் உயர் நீதிமன்றம் கூப்பிட்டுக் கேட்கும். தோழி மனு போடுவதிலும் தவறில்லை.

இந்த மாதிரிக் கடிதங்கள் எனக்கு நிறைய வருகின்றன. எல்லாவற்றிலும் ‘ஒரு குறையும் வைக்கவில்லை’ என்ற வரி இருக்கிறது. உங்கள் கடிதத்தில் அதற்குப் பக்கத்திலேயே ஜன்னலும் இருக்கிறது. சொந்த வீட்டில் இருக்கும் பெண்ணுக்கு ஜன்னல் வழியாக எதற்குச் சாப்பாடு? கதவு பூட்டியிருக்கிறது. சாவி உங்களிடமும் இல்லை. இருந்தால் உள்ளே போய் அவள் பக்கத்தில் உட்கார்ந்து பரிமாறியிருப்பீர்கள். பெற்றவளுக்கே கதவைத் திறக்க அனுமதி இல்லாத இடத்தை வீடு என்று எழுதுகிறீர்கள். சாவியைக் கேட்கத் தைரியம் வரவில்லை, மகளைப் பொய் சொல்லப் பழக்க மட்டும் வழி கேட்கிறீர்கள்! எனக்குக் கோபம் வருவது இங்கேதான்.

பழக்கினாலும் பயன் இல்லை. ஆட்கொணர்வு மனுக்களில் நீதிபதிகள் அந்தப் பெண்ணிடமே, பெற்றவர்களை ஒதுக்கி வைத்துத் தனியாகப் பேச வேண்டும் என்று 2024 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் வழிகாட்டியிருக்கிறது. கேரளத்து ஹாதியா வழக்கு நினைவிருக்கும். 24 வயதுப் பெண்ணின் திருமணத்தை உயர் நீதிமன்றம் ரத்து செய்து அவரைப் பெற்றோரிடம் அனுப்பியது. 2017 நவம்பரில் உச்ச நீதிமன்றம் அவரையே நேரில் கேட்டு, படிப்பை முடிக்கச் சேலத்துக்கு அனுப்பியது. 2018 மார்ச்சில் திருமணம் செல்லும் என்று தீர்ப்பு. பெற்றவர்களின் கண்ணீர் அங்கே குறைவாக இல்லை. ஆனாலும் வயது வந்த பெண்ணின் வார்த்தைதான் நின்றது.

உங்களுக்கு வருத்தப்பட உரிமை உண்டு. கல்யாணத்துக்கு வர மாட்டேன் என்று சொல்லலாம். ஒரு வருடம் பேசாமலும் இருக்கலாம். சாதிக்காகப் பிள்ளையைப் பூட்டி வைக்கும் உரிமை எந்தத் தாய் தகப்பனுக்கும் கிடையாது. சட்டமும் அப்படித்தான் சொல்கிறது: பழைய இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 127வது பிரிவின்படி, பத்து நாளோ அதற்கு மேலோ ஒருவரை அடைத்து வைத்தால் ஐந்து ஆண்டு வரை சிறை. உங்கள் கணக்கில் பத்து நாள் தாண்டிவிட்டது.

அதனால் விசாரணைத் தேதி வரை காத்திருக்காதீர்கள். இன்றே சாவியைக் கேளுங்கள். தர மறுத்தால், அல்லது உங்களையே மிரட்டினால், 181 மகளிர் உதவி எண்ணுக்கு நீங்களே கூப்பிடுங்கள். அவளுடைய போன், ஆதார், ஏடிஎம் கார்டு, சான்றிதழ்கள் யார் கையில் இருக்கின்றன என்று பார்த்து வாங்கி அவளிடம் கொடுங்கள். அப்புறம் அந்தத் தோழிக்குப் போன் செய்து, மகள் நலமாக இருப்பதை அவளே தன் வாயால் சொல்லட்டும்.