இத்தாலியில் உள்ளூர்க் குடும்பத்தின் வீட்டுக்கே போய்ப் பாஸ்தா செய்யக் கற்றுக்கொண்ட அனுபவம் யாருக்காவது உண்டா? கொடுக்கும் காசுக்குத் தகுமா?

உண்டு. இரண்டு தடவை போயிருக்கிறேன். முதல் தடவை கொடுத்த காசு தண்டம். இரண்டாவது தடவை கொடுத்ததை நினைத்து இன்றுவரை வருத்தமில்லை. இரண்டுக்கும் என்ன வித்தியாசம் என்று சொன்னால் உங்கள் கேள்விக்குப் பதில் வந்துவிடும்.

மாத்திரைகளை அட்டையில் அடைக்கிற மெஷின்களோடுதான் என் பிழைப்பு. அந்த மாதிரி மெஷின் செய்யும் கம்பெனிகள் வட இத்தாலியில் பொலோன்யா நகரைச் சுற்றி ஏராளம். 'பேக்கேஜிங் பள்ளத்தாக்கு' என்றே அந்தப் பகுதிக்குப் பட்டப்பெயர் உண்டு. புது மெஷினை அங்கேயே ஓட்டிப் பார்த்துச் சரி சொல்லிவிட்டு வரக் கோவையிலிருந்து என்னை அனுப்புவார்கள். இரண்டு வாரம் வேலை, நடுவில் ஒரு சனி, ஞாயிறு. அந்தச் சனிக்கிழமைகளில் நடந்த கதை இது.

முதல் வகுப்பு வேறொரு சுற்றுலா நகரத்தில். 'இத்தாலியக் குடும்பத்தோடு ஒரு மாலை' என்று விளம்பரம். போனால் 14 பேர். மாவு முன்கூட்டியே பிசைந்து பிளாஸ்டிக் தாளில் சுற்றித் தயாராக இருந்தது. கைப்பிடி சுற்றும் மெஷினில் ஆளுக்கு ஒரு நிமிடம் சுற்றினோம், ஏப்ரன் கட்டிக்கொண்டு படம் எடுத்தோம், சாப்பிட்டோம். குடும்பம் என்று சொன்னது சம்பளத்துக்கு வந்த இரண்டு பையன்களை. சாப்பாட்டைக் குறை சொல்ல மாட்டேன். ஆனால் அறைக்குத் திரும்பும்போது என் விரலிடுக்கில் ஒரு பொட்டு மாவுகூட ஒட்டியிருக்கவில்லை.

அடுத்த பயணத்தில் தொழிற்சாலை கேண்டீனில் இந்தக் கதையைச் சொல்லப்போக, அங்கே இருந்த ஒரு ஃபிட்டர் தலையில் அடித்துக்கொண்டார். மெஷினில் இழுத்ததெல்லாம் பொலோன்யாவில் பாஸ்தா கணக்கிலேயே வராது என்றார். அவர் பெரியம்மாவின் பக்கத்து வீட்டம்மா சனிக்கிழமைகளில் நான்கு பேர் வரை வீட்டில் வைத்துச் சொல்லிக்கொடுக்கிறாராம். 80 யூரோ. அவரே போன் செய்து இடம் பிடித்துக் கொடுத்தார். (உங்களுக்கு அப்படி ஆள் யாரும் இல்லையென்றால் 'செசரீனே' என்று வீட்டுச் சமையல்காரர்களின் அமைப்பு ஒன்று இருக்கிறது, 2004இல் பொலோன்யாவில்தான் ஆரம்பித்தார்கள். அதில் தேடலாம்.)

லிஃப்ட் இல்லாத மூன்றாவது மாடி. நானும் ஒரு டச்சுத் தம்பதியும், மூன்றே பேர். எழுபது வயதைத் தாண்டிய அம்மாள், ஆங்கிலத்தில் எடுத்துச் சொல்ல அவர் மகள். டச்சுப் பெண்மணி உள்ளே நுழைந்ததும் பாசமாக "நோன்னா" என்றார். பாட்டி என்று அர்த்தம். விளம்பரங்களில் அந்தச் சொல் இல்லாத பாஸ்தா வகுப்பே கிடையாது. அம்மாள் சிரித்துக்கொண்டே ஏதோ சொல்ல, மகள் கொஞ்சம் சங்கடத்தோடு மொழிபெயர்த்தார்: "என் பேரப் பிள்ளைகளுக்குத்தான் நான் பாட்டி. உங்களுக்குச் சின்யோரா." நம் 'மேடம்' மாதிரி. எனக்கு அந்த நிமிடமே அவரைப் பிடித்துப்போயிற்று. காசு வாங்குகிறார், தொழில் கற்றுத் தருகிறார். பேரன் வேஷம் போட வேண்டிய கட்டாயம் யாருக்கும் இல்லை.

மேசைமேல் பெரிய மரப்பலகை. மேசை விளிம்பில் மாட்டிக்கொள்ள அதன் அடியில் ஒரு சட்டம். பளிங்கு ஏன் கூடாது என்று கேட்டேன். மரத்தின் சொரசொரப்பு மாவில் ஏற வேண்டும், அப்போதுதான் குழம்பு வழுக்கி ஓடாமல் பாஸ்தாவைப் பிடித்துக்கொள்ளும் என்றார். எஃகு உருளையில் போன மாவு கண்ணாடி மாதிரி ஆகிவிடுமாம். ஃபிட்டரின் கோபத்துக்குக் காரணம் அப்போதுதான் புரிந்தது.

செய்முறை என்று பார்த்தால் ஒன்றுமே இல்லை. 100 கிராம் மாவுக்கு ஒரு முட்டை. உப்பு கிடையாது, எண்ணெய் கிடையாது, தண்ணீரும் கிடையாது. '00' என்று பையில் போட்டிருக்கும் மெல்லிய கோதுமை மாவு. முட்டைக்கு மட்டும் தனிக் கவனம்: மஞ்சள் கரு ஆரஞ்சு நிறத்தில் இருக்கும்படி தீவனம் கொடுத்த கோழிகளின் முட்டையைப் பாஸ்தாவுக்கென்றே பெட்டியில் எழுதி விற்கிறார்கள். இத்தாலியர்கள் பேச்சில் மஞ்சள் கருவைச் 'சிவப்பு' என்பார்கள், உடைத்துப் பார்த்தால் அது பொய்யில்லை என்று தெரிகிறது.

ஆளுக்கு 200 கிராம், இரண்டு முட்டை. மாவைக் குவித்து நடுவில் குழி பறித்து முட்டையை ஊற்றி முட்கரண்டியால் கலக்க வேண்டும். என் கரை உடைந்து முட்டை மேசை ஓரத்துக்கு ஓடியது. சின்யோரா ஒரு சின்ன இரும்புத் தகட்டால் அதை வழித்து உள்ளே தள்ளிவிட்டார், அவ்வளவுதான். பிசையும்போது கை வலிக்கும். பூரிக்கு நாம் கெட்டியாகப் பிசைவோமே, அதைவிடவும் கெட்டி. பத்துப் பதினைந்து நிமிடம் உள்ளங்கையின் அடிப்பாகத்தால் தள்ளித் தள்ளி மடித்தோம். அப்புறம் கிண்ணத்தைக் கவிழ்த்து மூடி அரைமணி நேரம் விட்டுவிட்டோம். பரோட்டா மாஸ்டர் உருண்டைகளை ஈரத்துணி போட்டு வைப்பாரே, அதே காரணம்தான்.

இதுவரை எனக்கு மனதுக்குள் ஒரு தெனாவட்டு. கல்யாணத்துக்கு முன்னால் ஆறு வருடம் அறையில் நான்தான் சப்பாத்தி தேய்ப்பேன். டச்சுக்காரர்கள் என்ன செய்துவிடப் போகிறார்கள்?

மத்தரெல்லோ என்கிற கட்டையைக் கையில் கொடுத்ததும் அது இறங்கிவிட்டது. 80 சென்டிமீட்டர் நீளம், கைப்பிடி கிடையாது, முழுக்க ஒரே பருமன். நான் வழக்கம்போல இரண்டு முனையையும் பிடித்து அழுத்தித் தேய்த்தேன். இரண்டே நிமிடத்தில் சின்யோரா என் மணிக்கட்டைப் பிடித்து நிறுத்தினார். "பியானோ, பியானோ." மெதுவாக, மெதுவாக. என் விரல்களைப் பிரித்துவிட்டு, கட்டையைப் பிடிக்காதே, அதன்மேல் உள்ளங்கையை வைத்து உருட்டு என்று சைகையில் காட்டினார். நடுவிலிருந்து வெளிப்பக்கம் மட்டும். ஒவ்வொரு தடவையும் மாவைக் கொஞ்சம் திருப்ப வேண்டும்.

தட்டு அகலம் வந்ததும் ஆட்டம் மாறுகிறது. மாவின் தூர விளிம்பைக் கட்டையில் சுற்றி நம் பக்கம் கொண்டுவருகிறோம். கட்டை முன்னும் பின்னும் உருளும்போதே இரண்டு உள்ளங்கையும் நடுவிலிருந்து முனைகளை நோக்கி வழுக்கிக்கொண்டே போக வேண்டும். மாவு அழுந்துவதில்லை, பக்கவாட்டில் இழுபடுகிறது. பிறகு கட்டையை உருட்டி விரித்தால் பலகைமேல் 'பட்' என்று ஒரு சத்தம். திருப்பு, மறுபடி சுற்று. ஒரு கைப்பிடி அகலம் மேசைக்கு வெளியே தொங்கும்படி விட்டு, வயிற்றால் லேசாக அணைத்துக்கொண்டு அவர் இழுத்தபோது மாவு ஈர வேட்டி மாதிரி நீண்டுகொண்டே போனது.

நம் கை அழுத்திப் பழகியது, அவர்கள் கை இழுத்துப் பழகியது. சப்பாத்தி ஓரிடத்தில் தடிப்பாக இருந்தாலும் உப்பினால் யாரும் கேட்கப்போவதில்லை. இங்கே தடிப்பான இடம் வேகாது, மெல்லிய இடம் குழைந்துவிடும். முதல் நாள் வெள்ளிக்கிழமைதான் 0.1 மில்லிமீட்டர் பிசகுக்காக மெஷினை ஏற்க மாட்டேன் என்று தொழிற்சாலையில் சண்டை போட்டிருந்தேன். மறுநாள் நான் தேய்த்த மாவுத் தட்டில் ஓர் ஓரம் 1 மில்லிமீட்டர், எதிர் ஓரம் 2. டச்சுக்காரர் தட்டு என்னுடையதைவிட நன்றாக வந்திருந்தது. அவர் அதற்குமுன் மாவையே தொட்டதில்லையாம். மறக்க வேண்டிய பழக்கம் எதுவும் அவருக்கு இல்லை.

நன்றாக வந்திருக்கிறதா என்று பார்க்க பொலோன்யாவில் ஒரு பரீட்சை. ஊருக்கு மேலே குன்றில் சான் லூக்கா என்று மாதா கோயில். நகரத்திலிருந்து அதுவரை கிட்டத்தட்ட 4 கிலோமீட்டருக்கு வளைவு வளைவாகக் கூரை போட்ட நடைபாதை, 666 வளைவுகள். மாவுத் தட்டை வெளிச்சத்தில் பிடித்தால் அதன் வழியாகச் சான் லூக்கா தெரிய வேண்டும் என்பது ஊர் வழக்கு. சின்யோரா தன்னுடையதைக் கட்டையில் தொங்கவிட்டு ஜன்னலில் பிடித்தார். கோயில் தெரிந்ததா என்றால், ஜன்னல் சட்டமும் எதிர்க் கட்டிடத்தின் கூரையும் நிழலாகத் தெரிந்தன. என்னுடையதைத் தூக்கும்போதே நடுவில் கிழிந்துவிட்டது.

கிழிந்ததைத் தூக்கிப் போடவில்லை. கண்டபடி வெட்டி ஒரு தட்டில் ஒதுக்கிவைத்தார். அதற்குப் பெயரே 'மால்தல்யாத்தி', மோசமாக வெட்டியது என்று பொருள். பீன்ஸ் சூப்பில் போடுவார்களாம். மிச்சமிருந்த என் பாதித் தட்டும் டச்சுக்காரர்களுடையதும் துணிமேல் காய்ந்தன. தொட்டால் மெல்லிய தோல் மாதிரி இருக்க வேண்டும். ஒட்டவும் கூடாது, ஒடியவும் கூடாது. அப்புறம் பாய் மாதிரி சுருட்டி அகலக் கத்தியால் நறுக்கினோம்.

நறுக்கும் அகலத்துக்கும் கணக்கு உண்டு. இப்படி நாடா மாதிரி நறுக்கிய பாஸ்தாவுக்குத் தாலியத்தெல்லே என்று பெயர். அது வெந்த பிறகு 8 மில்லிமீட்டர் இருக்க வேண்டும் என்று 1972இல் பொலோன்யா வர்த்தக சபையில் முறையாகப் பதிவே செய்திருக்கிறார்கள். ஊரின் அசினெல்லி கோபுர உயரத்தில் 12,270இல் ஒரு பங்கு என்பது கணக்கு. தங்கத்தில் ஒரு மாதிரி செய்தும் வைத்திருக்கிறார்கள். மெஷின்காரனான எனக்கு இது கேட்க எவ்வளவு இனிப்பு என்று சொல்ல வேண்டியதில்லை. சின்யோரா அளவுகோல் எதையும் எடுக்கவில்லை. வேகும்போது ஊதும், அதனால் இவ்வளவு என்று ஆள்காட்டி விரல் நகத்தைவிடக் கொஞ்சம் குறைத்துக் காட்டினார்.

வேக இரண்டே நிமிடம். மேலே ராகூ: மாட்டிறைச்சியும் பன்றியிறைச்சியும் மணிக்கணக்கில் வெந்தது, அதை அவர் காலையிலேயே அடுப்பில் ஏற்றியிருந்தார். சைவமென்று முன்கூட்டிச் சொன்னால் வெண்ணெயும் சேஜ் இலையும் போட்டுத் தருவாராம். ஆனால் சைவக்காரர்கள் இரண்டு விஷயம் கவனிக்கணும். மாவிலேயே முட்டை இருக்கிறது. மேலே தூவும் பார்மிஜானோ ரெஜ்ஜானோ சீஸ் கன்றின் வயிற்றிலிருந்து எடுக்கும் ரென்னெட்டால்தான் உறைகிறது. முட்டையும் ஆகாது என்பவர்கள் தெற்கே பாரி நகரம் பக்கம் போவது நல்லது. அங்கே கெட்டிக் கோதுமை ரவை மாவும் தண்ணீரும் மட்டும்தான். பழைய ஊருக்குள் ஒரு தெருவில் பெண்கள் வாசலிலேயே உட்கார்ந்து, சின்னக் காது மாதிரி ஒரெக்கியெத்தே பாஸ்தாவைக் கத்தி முனையால் இழுத்துப் போடுவார்கள்.

சரி, காசுக்குத் தகுமா? பதிவு செய்யும் முன் மூன்றே கேள்வி கேளுங்கள்: எத்தனை பேர், மாவை நானே பிசைவேனா, கட்டையா மெஷினா. பதில் மழுப்பலாக வந்தால் அந்தப் பணத்துக்கு நல்ல ஹோட்டலில் சாப்பிட்டுவிட்டு வாருங்கள், வயிறாவது நிறையும். 'குடும்பம்' என்ற சொல்லுக்கு நான் மதிப்பெண் போடுவதில்லை. செய்முறை உங்கள் போனிலேயே இருக்கிறது. நான் 80 யூரோ கொடுத்தது என் மணிக்கட்டை ஒருவர் பிடித்து நிறுத்தியதற்கு. அது 14 பேர் கூட்டத்தில் நடக்காது. இன்னொன்று, ஆகஸ்ட் மாதம் போகாதீர்கள். 15ஆம் தேதி விடுமுறையை ஒட்டி ஊரே கடலோரம் போய்விடும்.

வீட்டில் வந்து செய்ய முடிகிறதா என்று கேட்பீர்கள். மைதாவில் வருகிறது. நம் முட்டை சிறியது என்பதால் மூன்று முட்டைக்கு ஒரு மஞ்சள் கரு கூடுதலாகச் சேர்க்கிறேன். நிறம் மட்டும் வெளிறித்தான் இருக்கும். கட்டைதான் தகராறு. அங்கே வாங்கியிருப்பேன், 80 சென்டிமீட்டர் என் பெட்டிக்குள் எந்தப் பக்கம் வைத்தாலும் அடங்கவில்லை. பூரிக்கட்டையால் இழுக்கப் பார்த்துத் தோற்றபிறகு, ஊரில் மரக் கடைசல் பட்டறை ஒன்றில் தேக்கில் செய்யச் சொன்னேன். நாலரை சென்டிமீட்டர் விட்டம், கைப்பிடி வேண்டாம், பாலீஷ் வேண்டாம் என்றேன். கடைசல்காரர் அளவைப் பார்த்துவிட்டு, "ஏனுங்க, இத்தனை நீளத்துல சப்பாத்தி தேய்ச்சா எந்தத் தோசைக்கல்லுல போடுவீங்க?" என்று கேட்டார். 350 ரூபாய் வாங்கிக்கொண்டார்.

போன மாதம் தேய்த்ததைச் சமையலறை ஜன்னலில் பிடித்துப் பார்த்தேன். எதிர்வீட்டு மொட்டைமாடித் தண்ணீர்த் தொட்டி மங்கலாகத் தெரிந்தது. வலது ஓரம் மட்டும் இன்னும் தடிப்பு.