ஆறாம் எண் சட்டைக்காரர் (கடிதமும் பதிலும்)

வணக்கம்.

இத்தாலியும் பிரேசிலும் ஆடிய 1994 உலகக் கோப்பை கால்பந்து இறுதியாட்டத்தைப் பற்றி நீங்கள் எழுதியதைப் படித்தேன். இத்தாலியின் பாஜ்ஜோ வெளியே அடித்த பெனால்டிக்கு இரண்டு பத்தி கொடுத்திருந்தீர்கள். அதே அணியின் பரேசிக்கு ‘அவரும் வெளியேதான் அடித்தார்’ என்று அரை வரி. யார் அவர் என்று தேடிப் பார்த்தேன். ஒரே கிளப்பில் ரொம்ப காலம் டிஃபெண்டராக ஆடியவர் என்பதற்கு மேல் ஒன்றும் பிடிபடவில்லை. கோல் போட்டவரின் வீடியோவைப் பார்த்தால் புரிகிறது. தடுத்தவரை எப்படிப் பார்ப்பது?

கேட்பதற்குக் காரணம் உண்டு. எட்டாவது படிக்கும் என் மகனைப் பள்ளி அணியில் ஸ்டாப்பராக, அதாவது நடுத் தடுப்பாளராகப் போட்டிருக்கிறார்கள். ‘முன்னாடி ஆடறவனுக்குத்தான் எல்லாரும் கை தட்டறாங்க’ என்று அழுகிறான். அவனிடம் என்ன சொல்வது?

ர., திருச்சி

அன்புள்ள ர.,

அந்த அரை வரி என் தவறு. பெனால்டியை வெளியே அடித்தவர் என்று மட்டும் சொல்லிவிட்டுப் போகக்கூடியவர் இல்லை ஃப்ராங்கோ பரேசி.

வட இத்தாலியில் ப்ரெஷா நகருக்குப் பக்கத்துச் சிற்றூரில் 1960இல் பிறந்தவர். பதின்ம வயதிலேயே தாய் தந்தை இருவரையும் இழந்தார். அண்ணன் ஜுசெப்பேயை இன்டர் மிலான் எடுத்துக்கொண்டது. தம்பிக்கு உடம்பு போதாது என்று திருப்பி அனுப்பிவிட்டது. அதே நகரத்தின் இன்னொரு கிளப்பான ஏசி மிலானுக்குப் போனார். 1978இல் முதல் ஆட்டம், 1997இல் ஓய்வு, நடுவில் 719 ஆட்டங்கள், எல்லாம் அங்கேதான். கிளப்பில் அவருக்கு வைத்த பெயர் ‘பிஷினின்’. மிலான் வட்டார வழக்கில் பொடியன் என்று அர்த்தம்.

அந்தக் கிளப் அப்போது நன்றாக இருந்ததா என்றால், இல்லை. 1980இல் சூதாட்ட ஊழலில் சிக்கி இரண்டாம் பிரிவுக்குத் தள்ளப்பட்டது. மேலே ஏறி வந்து 1982இல் மறுபடி இறங்கியது. இதற்கிடையில் பரேசிக்கு ரத்தத்தில் தொற்று வந்து மாதக்கணக்கில் ஆட முடியவில்லை. இரண்டு முறையும் அவர் கிளப்பை விட்டுப் போகவில்லை. 22 வயதில் கேப்டன் ஆனார்.

சரி, உங்கள் கேள்விக்கு வருகிறேன். பரேசியின் உயரம் 176 சென்டிமீட்டர். நடுத் தடுப்பாளருக்கு இது குறைவு. மோதி ஜெயிக்கிற உடம்பு இல்லை என்பதால் மோதலே வராத இடத்தில் முன்கூட்டியே போய் நின்றார். எதிரணிக்காரன் பந்தை அனுப்பக் காலைத் தூக்கும் அந்தக் கணத்தில் பரேசி இரண்டடி முன்னே வருவார், கூடவே மற்ற மூன்று தடுப்பாளர்களும் வருவார்கள். அவர்களுக்குப் பின்னால் தனியாக நிற்கும் முன்கள வீரன் ஆஃப்சைடு ஆகிவிடுவான், அவனுக்கு வரும் பந்து செல்லாது. பரேசியின் கை மேலே போகும், கோட்டோரம் நிற்கும் துணை நடுவரின் கொடியும் போகும். நான்கு பேரில் ஒருவர் அரை நொடி தாமதித்தாலும் நேராக கோல்தான். அதனால் இது ஒருவருடைய கால்திறமை மட்டும் இல்லை. மூன்று பேரின் கால்களையும் சேர்த்து ஒருவர் நடத்துவது. டிவியில் இது சட்டென்று தெரியாது. கேமரா பந்தோடு போய்க்கொண்டிருக்கும்.

1987இல் மிலானுக்குப் பயிற்சியாளராக வந்த அர்ரிகோ சாக்கி பிற்காலத்தில் சொன்ன கதை ஒன்று உண்டு. பயிற்சியில் கோல்கீப்பரையும் நான்கு தடுப்பாளர்களையும் ஒரு பக்கம் நிறுத்துவார். எதிரே அதே கிளப்பின் நட்சத்திரங்களான ஹுல்லிட், வான் பாஸ்டன் உட்படப் பத்துப் பேர். கால் மணி நேரத்துக்குள் கோல் போட வேண்டும். பந்தை இழந்தால் தங்கள் பாதிக்குள்ளிருந்து மறுபடி தொடங்க வேண்டும். பலமுறை ஆடவைத்தும் ஒரு கோல்கூட விழவில்லை என்கிறார் சாக்கி. அந்த நால்வரின் நடுவில் நின்றவர் பரேசி.

பின்னர் கபெல்லோ பயிற்சியில், 1991-92 இத்தாலிய லீகில் மிலான் 34 ஆட்டங்களிலும் தோற்கவில்லை. எனக்கு அதைவிடப் பிடித்தது 1993-94. அந்த லீகில் மிலான் போட்ட கோல்கள் 36 மட்டுமே, வாங்கியவை வெறும் 15. ஆனாலும் பட்டம் அவர்களுக்குத்தான். தடுத்தே ஜெயித்த லீக் அது.

இனி அந்த இறுதியாட்டம். 1994 ஜூன் 23 அன்று நார்வேயோடு ஆடும்போது பரேசிக்கு முழங்கால் ஜவ்வு கிழிந்து அறுவை சிகிச்சை ஆனது. அவருக்கு உலகக் கோப்பை அத்தோடு முடிந்தது என்றுதான் எல்லாரும் நினைத்தார்கள். ஜூலை 17 அன்று, 24 நாள் கழித்து, அமெரிக்காவின் பசடீனாவில் உச்சி வெயிலில் இறுதியாட்டத்துக்குக் களம் இறங்கினார். வயது 34. இன்னொரு நடுத் தடுப்பாளர் கோஸ்தகூர்த்தாவுக்குத் தடை இருந்ததால் பக்கத்தில் மால்டினி. எதிரே பிரேசிலின் முன்கள வீரர்கள் ரொமாரியோவும் பெபெட்டோவும். நமக்கு அப்போது இரவு ஒரு மணி. பக்கத்து வீட்டில் உட்கார்ந்து பார்த்தேன். 120 நிமிடம் பிரேசிலுக்கு ஒரு கோல் கிடைக்கவில்லை. கூடுதல் நேரத்தில் அவருக்குக் கால் பிடித்துக்கொண்டது. தரையில் கிடந்தார், எழுந்து ஆடினார்.

இத்தாலிக்கும் கோல் விழாததால் பெனால்டிகளில்தான் முடிவு. இத்தாலியின் முதல் பெனால்டியை அந்தக் காலோடேயே அடிக்கப் போனார். அவரை ஏன் அனுப்பினார்கள் என்று கேட்பவர்கள் உண்டு. நான்கு வருடம் முன்பு நேப்பிள்ஸில் அர்ஜென்டினாவுக்கு எதிரான அரையிறுதியிலும் முதல் பெனால்டியை அடித்தது அவர்தான், அதை உள்ளே போட்டார். இந்த முறை பந்து கம்பத்துக்கு மேலே போனது. ஆனால் பிரேசிலின் முதல் பெனால்டியை இத்தாலிய கோல்கீப்பர் பல்யூகா தடுத்துவிட்டார். கணக்கு அங்கேயே சமமாகிவிட்டது. கடைசியில் பாஜ்ஜோவின் பந்தும் வெளியே போய் இத்தாலி தோற்றது. ஆட்டம் முடிந்ததும் பரேசி குலுங்கிக் குலுங்கி அழுதார். அந்த அழுகைதான் படமாக நின்றுவிட்டது. அதற்கு முந்தைய 120 நிமிடம் யாருக்கும் நினைவில்லை. என் கட்டுரையிலும் இல்லை, அது எனக்கு உறுத்துகிறது.

ஓய்வு பெற்றதும் அவருடைய ஆறாம் எண்ணை மிலான் இனி யாருக்கும் கிடையாது என்று எடுத்துவைத்துவிட்டது.

உங்கள் மகனைச் சமாதானப்படுத்த வேண்டாம், அவன் சொல்வது உண்மை. கைதட்டல் முன்னால் ஆடுபவனுக்குத்தான் விழும். அந்த இறுதியாட்டத்தின் முழுப் பதிவைத் தேடி அவனோடு உட்காருங்கள். பத்து நிமிடம் பந்தைப் பார்க்காமல் ஆறாம் எண்ணை மட்டும் பார்க்கச் சொல்லுங்கள். பந்து ரொமாரியோவுக்கு வருவதற்கு முன் பரேசி எங்கே நிற்கிறார், எந்தப் பக்கம் தலையைத் திருப்புகிறார், யாரைக் கையைக் காட்டி நகர்த்துகிறார் என்று அவனே உங்களுக்குச் சொல்லட்டும். என்ன சொன்னான் என்று எனக்கு எழுதுங்கள்.