காத்தான் சத்திரத்து அரிசி

அன்புள்ள ஐயா,

காளமேகப் புலவர் இறைவனின் வீதியுலாவைப் பாடிய திருவானைக்கா உலாவை இப்போதுதான் படித்தேன். அதன் கனத்துக்கும் மேடைகளில் அவர் பெயரால் சொல்லப்படும் கிண்டல் பாட்டுகளுக்கும் ஒட்டவே இல்லை. உலா பாடியவர் சத்திரத்துச் சோற்றையும் மோரையும் பாடி வாக்கை வீணடித்திருக்க வேண்டுமா?

ஒரு வாசகர், லால்குடி

அன்புள்ள நண்பருக்கு,

உலாவைத் தேடிப் படிப்பவர்கள் இன்று குறைவு, மகிழ்ச்சி. ஆனால் 'வீண்' என்பதை நான் ஏற்க மாட்டேன். நாகப்பட்டினத்துக் காத்தானின் சத்திரத்தைப் பாடிய அந்தப் பாட்டையே பார்ப்போம்.

கத்துகடல் சூழ்நாகைக் காத்தான்தன் சத்திரத்தில்
அத்தமிக்கும் போதில் அரிசிவரும் – குத்தி
உலையிலிட ஊரடங்கும் ஓரகப்பை அன்னம்
இலையிலிட வெள்ளி எழும்.

வசவு ஒன்றுகூட இல்லை. பசி என்ற சொல்லும் இல்லை. அந்தியில் அரிசி, ஊர் தூங்கும்போது உலை, முதல் அகப்பை விழும்போது விடிவெள்ளி. இரவு முழுவதும் நான்கடியில் கழிந்துவிடுகிறது. அரிசி வந்துவிட்டது என்று நாம் மூச்சுவிடும் இடத்தில் 'குத்தி' என்ற தனிச்சொல், அதாவது இரண்டாம் அடியின் கடைசியில் தனித்து நிற்கும் சொல், குறுக்கே வந்து நிற்கிறது. அதை இனிமேல்தான் குத்த வேண்டுமாம்! வெண்பாவில் தனிச்சொல்லுக்கு முன் ஓசை சற்றுத் தங்கும். பசித்தவனை அங்கேயே காக்க வைத்துவிட்டார். உலாவும் வெண்பாவின் நீண்ட வடிவமான கலிவெண்பாதான், இரண்டிலும் வேலை செய்வது ஒரே செவி.

அவர் திருவரங்கம் கோயில் மடைப்பள்ளியில் வேலை பார்த்தவர் என்பது வழிவழிக் கதை. உண்மையோ பொய்யோ, அடுப்படி தெரிந்தவரின் எரிச்சல்தான் இது. சத்திரக்காரர் கலங்கியதும் காளமேகமே இதே பாட்டுக்குப் புகழ்ச்சியாகப் பொருள் சொன்னார் என்பார்கள்: பஞ்சத்திலும் அரிசி வரும், ஊர்ப்பசி அடங்கும், சோற்றின் வெண்மைக்கு வெள்ளியே நாணும். சாமர்த்தியமான உரைதான், எனக்குச் சுவைக்கவில்லை.

திருக்கண்ணபுரத்துப் பெருமாளிடம் 'கடவுளிலும் நீ அதிகம், உன்னிலும் நான் அதிகம்' என்று தொடங்கி (கடவுள் என்பது இங்கே சிவன்) காரணம் சொல்கிறாரே, அதைப் பாருங்கள்:

உன்பிறப்போ பத்தாம் உயர்சிவனுக் கொன்றுமில்லை
என்பிறப்போ எண்ணத்தொலை யாதே.

பிறப்புக் கணக்கில் கடவுளைத் தோற்கடிக்கும் குறும்பு. சிரித்து முடித்த பிறகு கடைசி அடியை மட்டும் மெல்லச் சொல்லிப் பாருங்கள். 'எல்லாப் பிறப்பும் பிறந்து இளைத்தேன்' என்று மாணிக்கவாசகர் அழுததும் இதே கணக்கைத்தான். இந்தப் பாட்டை எங்கே வைப்பீர்கள், உலாவுக்குப் பக்கத்திலா, மோருக்குப் பக்கத்திலா?