சேலஞ்சரில் போனவர்கள் சாகவில்லையா?

அன்புள்ள ஐயா,

குடியாத்தம் பக்கம் ஓர் அரசுப் பள்ளியில் அறிவியல் எடுக்கிறேன். போன வாரம் வகுப்பில் ஒரு பையன் எழுந்து, "மிஸ், சேலஞ்சர்ல போனவங்க யாருமே சாகல. அதே முகத்தோட அமெரிக்காவுல இப்பவும் இருக்காங்க, வீடியோ பாத்தேன்" என்றான். 1986இல் ஏழு பேரோடு வானத்தில் சிதறிய அமெரிக்க விண்ணோடத்தைத்தான் சொல்கிறான். வகுப்பே அவன் பக்கம் சேர்ந்துகொண்டது. வீட்டுக்கு வந்து நானும் பார்த்தேன். படங்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டும்போது எனக்கே ஒரு நிமிஷம் சந்தேகம் வந்துவிட்டது. அவனுக்கு என்ன சொல்லட்டும்?

ஒரு வாசகி

அன்புள்ள டீச்சர்,

அவனை அதட்டி உட்கார வைக்காமல் எனக்கு எழுதினீர்களே, அதற்கே நன்றி.

அந்த வீடியோவை நானும் பார்த்தேன். வயிறு எரிந்தது. ரொனால்ட் மெக்நேர், எலிசன் ஒனிசூக்கா என்று அதில் காட்டுகிற இருவர், இறந்துபோன அந்த வீரர்களின் கூடப்பிறந்தவர்கள். அண்ணன் தம்பிக்கு முகஜாடை இருக்காதா? தம்பியைப் பறிகொடுத்த அண்ணனின் படத்தைப் போட்டு, செத்தவன் இவன்தான் என்கிறார்கள். மற்றவர்களில் பாதி, பெயர்ப் பொருத்தம். செத்தவர்களில் ஒருவர் பெயர் மைக்கேல் ஸ்மித். அந்தப் பெயர் அங்கே, நம்ம பக்கம் முருகன், செல்வம் மாதிரி.

1986 ஜனவரி 28. காவலூர் பெரிய தொலைநோக்கியை ராஜீவ் காந்தி திறந்துவைத்த அதே மாதம். நான் அப்போது ஆலங்காயத்தில் ஏழாவது படித்துக்கொண்டிருந்தேன். ரேடியோவில் செய்தி கேட்டது இன்னும் காதில் இருக்கிறது. புளோரிடாவில் அன்று ராத்திரி முழுக்க உறைபனி. ஏவும்போது குளிர் 2 டிகிரி. விண்ணோடத்தை மேலே தள்ளும் பூஸ்டர் ராக்கெட்டின் துண்டுகள் சேரும் மூட்டில் ரப்பர் வளையம் இருக்கும், கனம் 7 மில்லிமீட்டர்தான். நம் குக்கர் கேஸ்கெட் விறைத்துப்போனால் ஓரத்தில் ஆவி சீறுமே, அதேதான். குளிரில் வளையம் விறைத்தது, நெருப்பு வாயு கசிந்தது, 73ஆவது விநாடியில் விண்ணோடம் சிதறியது. ஏழு பேர் போனார்கள்.

முந்தின ராத்திரியே இது தெரியும். ராக்கெட் செய்த மோர்ட்டன் தயோக்கால் கம்பெனியின் பொறியாளர் ரோஜர் பாய்ஜோலியும் கூட இருந்தவர்களும், 12 டிகிரிக்குக் கீழே ஏவாதீர்கள் என்று தொலைபேசிக் கூட்டத்தில் மன்றாடினார்கள். நாசா அதிகாரிகள் நெருக்கினார்கள். கம்பெனி மேலாளர்கள் தங்கள் பொறியாளர்களை ஓரம்கட்டிவிட்டுச் சம்மதம் கொடுத்தார்கள். பிறகு விசாரணைக் குழுவில் இருந்த இயற்பியலாளர் ரிச்சர்ட் ஃபைன்மேன், அந்த வளையத்தின் ஒரு துண்டைச் சின்னக் கிடுக்கியில் அழுத்தி, மேஜையில் இருந்த ஐஸ் தண்ணீர் டம்ளரில் போட்டார். எடுத்துக் கிடுக்கியைத் தளர்த்தினார். ரப்பர் உடனே பழைய வடிவத்துக்குத் திரும்பவில்லை. கேமராக்களுக்கு முன்னால் இதைச் செய்து காட்டினார்.

பையனின் சந்தேகத்துக்கு ஒரு வேர் இருக்கிறது என்பதையும் சொல்லிவிடுங்கள். பொண்டரென்கோ என்ற சோவியத் வீரர் 1961இல் பயிற்சி அறைத் தீயில் கருகி இறந்ததை அந்த அரசு 1986 வரை மூடி மறைத்தது. அப்படி மறைத்தால் ஜனங்கள் எதையும் நம்பத்தான் செய்வார்கள்.

நம்ம ஊரிலேயே பார்த்தோமே. 2016 பிப்ரவரியில் நாட்றம்பள்ளி பக்கம் ஒரு கல்லூரி வளாகத்தில் ஏதோ வெடித்து பஸ் டிரைவர் ஒருவர் இறந்தார். விண்கல் என்று அரசு அறிக்கையே சொன்னது, உலகம் முழுக்கப் பரவியது. படங்களைப் பார்த்த நாசா அறிவியலாளர்கள், தரையில் நடந்த வெடிப்பு போலத்தான் இருக்கிறது என்றார்கள். ஆனாலும் டீக்கடையில் இன்றைக்கும் விண்கல்தான். வானத்திலிருந்து விழுந்தது என்றால் யாரையும் கேள்வி கேட்க வேண்டாம். யாருமே சாகவில்லை என்றாலும் அப்படித்தான். அந்த வீடியோ மேல் எனக்குக் கோபம் அதனால்தான்: அந்த ஏழு பேரின் சாவுக்குக் காரணமானவர்களை அது தப்பிக்க விடுகிறது.

இன்னொன்று. அந்த ஏழு பேரில் கிறிஸ்டா மெக்காலிஃப் உங்களைப் போல ஒரு டீச்சர். அவர் கிளம்புவதை அவர் பள்ளிப் பிள்ளைகள் டிவியில் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவருக்கு மாற்றாகப் பயிற்சி எடுத்த பார்பரா மோர்கனும் டீச்சர்தான். 21 வருஷம் கழித்து, 2007 ஆகஸ்டில், எண்டெவர் என்ற இன்னொரு விண்ணோடத்தில் போய்வந்தார். அவர் போன வீடியோவும் கிடைக்கும். வகுப்பில் போட்டுக் காட்டுங்கள்.