மிசுகியின் ஆட்கள் ஏன் பொம்மை போல இருக்கிறார்கள்?

ஷிகெரு மிசுகி வரைந்த ஆட்களெல்லாம் பொம்மை போல இருக்கிறார்களே, இவரை ஏன் பெரிய மங்கா (ஜப்பானியப் படக்கதை) ஓவியர் என்கிறார்கள் என்று கேட்டிருக்கிறீர்கள். பேய்ப்பையன் கித்தாரோவின் படங்கள் நாலைந்தைத்தான் பார்த்திருப்பீர்கள் என்று நினைக்கிறேன். தப்பில்லை. என் சித்தப்பாவும் இதையேதான் கேட்டார்.

அவர் 17 வருடம் ராணுவத்தில் இருந்தவர். மிசுகியின் 1973ஆம் வருடத்துப் போர்க்கதை, ஆங்கிலப் பதிப்பு, என் மேசையில் கிடந்தது. புரட்டிப் பார்த்துவிட்டு, "சின்னப் பசங்க புத்தகத்தை இந்த வயசுலயாடா படிக்கிறே?" என்றார். எனக்குச் சுருக்கென்றது. மிசுகியும் சிப்பாய்தான், இரண்டாம் உலகப்போரில் பப்புவா நியூகினியின் ரபாவுல் பக்கம் மலேரியாவில் கிடந்தபோது குண்டுவீச்சில் இடது கை போனது, ஊர் திரும்பி ஒற்றைக் கையால் வரைந்தே பிழைத்தார் என்று சொன்னேன். பதில் பேசாமல் புத்தகத்தை எடுத்துக்கொண்டு போனார்.

மறுநாள் காலை காபி குடிக்கும்போது கொண்டுவந்து வைத்தார். கடைசிப் பக்கங்களில் ஒன்றின் மூலையை மடித்திருந்தார். கதை நெடுக நாலு கோட்டில் வரைந்த முகங்களோடு சோற்றுக்கு அலைந்த சிப்பாய்கள், சாகச் சொல்லி அனுப்பப்பட்டு, அங்கே பிணங்களாகக் கிடக்கிறார்கள். அந்தப் பிணங்கள் பொம்மை இல்லை. புகைப்படம் போல நிஜ உடம்புகள், அப்புறம் வெறும் எலும்புகள். "உசுரோட இருக்கறவரைக்கும்தான் பொம்மையா வரைஞ்சிருக்கான்," என்றார் சித்தப்பா. இதைவிட நன்றாக எனக்கு விளக்கத் தெரியாது. மிசுகியின் சாயலில் வரும் மருயாமாவும் அதில் செத்துப்போகிறான். மிசுகி 2015 வரை, 93 வயது வரை இருந்தார்.

மரம், கடல், வீடு என்று பின்னணியை வரைந்தது உதவியாளர்கள்தானே என்று சிலர் சண்டைக்கு வருவார்கள். ஆமாம், அவர்களும் வரைந்தார்கள். ஆனால் ஒவ்வொரு இலையும் தெரிகிற காட்டுக்குள் ஆளை மட்டும் நாலு கோட்டில் நிறுத்தலாம் என்று முடிவு செய்தது யார்?

நீங்கள் மிசுகியின் 'நோன்னோன்பா'விலிருந்து தொடங்குங்கள். தான் வளர்ந்த ஊரான சக்காய்மினாத்தோவில் சின்னப் பையனாக இருந்தபோது அவருக்குப் பேய்க்கதை சொன்ன கிழவியைப் பற்றியது. 2007இல் பிரான்சின் அங்குலேம் படக்கதை விழாவில் சிறந்த புத்தகம் என்று பரிசு வாங்கியது.

போர்க்கதை என்னிடம் இப்போது இல்லை. அலுவலக நண்பர் ஒருவர் 'ரெண்டே நாள்' என்று வாங்கிப்போய் மூன்று வருடமாகிறது. கேட்டால், படக்கதைதானே, வேறு வாங்கிக்கொள் என்கிறார். சித்தப்பா போய்ச் சேர்ந்துவிட்டார். அவர் மடித்து வைத்த அந்தப் பக்கத்தை நான் எந்தக் கடையில் வாங்குவது?