முருங்கை மரத்தில் கம்பளிப்பூச்சி அப்பிக் கிடக்கிறது. எப்படி ஒழிப்பது? இது எந்தப் பூச்சியாக மாறும்?

திருநெல்வேலிப் பக்கம் ஐப்பசி, கார்த்திகை மழையில் முருங்கைத் தூரில் அடையடையாகக் கிடப்பது முருங்கைக் கம்பளிப்பூச்சிதான். அறிவியல் பெயர் யூப்டெரோட் மொல்லிஃபெரா. பகலில் தூரில் கூட்டமாக ஒட்டியிருக்கும். இருட்டியதும் மேலேறி இலையைத் தின்னும், பட்டையையும் சுரண்டும்.

கையாளும்போது முதலில் மனதில் வைக்க வேண்டியது: பூச்சி செத்தாலும் அதன் முடி சாகாது. உரித்துப் போட்ட தோல்கூட அரிக்கும். அதனால் விளக்குமாற்றால் உலர்வாகத் தட்டிவிடாதீர்கள். காய்ந்த ஓலைப் பந்தத்தைக் காட்டிப் பொசுக்குவது இங்கே பழைய வழக்கம். வேலை சீக்கிரம் முடியும். ஆனால் தீ ஒரே இடத்தில் நின்றால் முருங்கையின் மெத்தென்ற பட்டை வெந்துவிடும். காற்றுக்கு எதிரே நின்றால் முடி முகத்தில் வந்து அடிக்கும். ஓலைக்கூரை பக்கத்தில் இருந்தால் பந்தமே வேண்டாம்.

புறவாசல் மரத்துக்கு என் தேர்வு மீன் எண்ணெய் சோப்புக் கரைசல். 10 லிட்டர் தண்ணீருக்கு 250 கிராம். விடிந்து, எல்லாம் தூருக்கு இறங்கிய பிறகு கூட்டம் முழுக்க நனையும்படி அடியுங்கள். முழுக்கைச் சட்டை, கண்ணாடி, மூக்கைச் சுற்றித் துண்டு அவசியம். விழுந்ததை ஈரத்தோடு மண்வெட்டியால் அள்ளி அரையடி ஆழத்தில் புதையுங்கள். விஷ மருந்தை இலையில் அடிக்காதீர்கள். அந்தக் கீரைதானே நாளைக்குச் சட்டிக்குப் போகிறது!

தோலில் பட்டால் தேய்க்கக் கூடாது, தேய்த்தால் முடி உள்ளே இறங்கும். செல்லோடேப்பை ஒட்டி ஒட்டி எடுத்துவிட்டு, சோப்புப் போட்டுக் கழுவுங்கள். கலமைன் லோஷன் அரிப்பைத் தணிக்கும். கண்ணில் விழுந்தால் கசக்காமல் தண்ணீர் விட்டுக் கழுவி, அன்றைக்கே கண் மருத்துவரிடம் போய்விடுங்கள். மரத்தடிக் கொடியில் காய்ந்த துணியைத் திரும்ப அலசாமல் உடுத்தாதீர்கள்.

வளர்ந்த புழு மண்ணுக்குள் கூட்டுப்புழுவாகும். மழை பெய்து மண் இளகியதும் வெளிவருவது வெளிர்மஞ்சள் கலந்த பழுப்பில், மங்கிய கோடுகள் ஓடும் பெரிய அந்துப்பூச்சி. தார்சா (தாழ்வாரம்) விளக்கைச் சுற்றுவதைப் பார்த்திருப்பீர்கள். அது இலையைத் தின்னாது, அரிக்காது; ஆனால் இலையிலும் இளந்தண்டிலும் குவியலாக முட்டையிடும். அந்த இலையைக் கிள்ளி அழித்தால் ஒரு கூட்டத்தையே ஒழித்த மாதிரி. வள்ளியூர், திசையன்விளைப் பக்கம் தோப்பாக வைத்திருப்பவர்கள் மழை பெய்ததுமே எக்டேருக்கு ஒரு விளக்குப்பொறி வைக்கலாம்: பல்பின் கீழே அகலமான சட்டியில் தண்ணீர், மேலே கொஞ்சம் மண்ணெண்ணெய். மழைக்கு முன் மரத்தடியைக் கொத்திவிட்டால் கூட்டுப்புழு வெயிலுக்கு வந்துவிடும்.

சுடலைக்குயில் கம்பளிப்பூச்சியை விரும்பித் தின்னும். அது வந்து உட்கார்ந்தால் விரட்டாதீர்கள்.