பிரெஞ்சு ஓவியர் மோனேயின் வரலாற்றில் அடிக்கடி பேசப்படும் யோங்கிண்ட் யார்? அவருடைய படங்களில் எதை முதலில் பார்க்க வேண்டும்?

யோஹான் பார்தோல்ட் யோங்கிண்ட் 1819-இல் நெதர்லாந்தின் லாட்ராப் என்னும் சிற்றூரில் பிறந்து, தி ஹேக் நகரில் நிலக்காட்சி ஓவியம் பயின்று, 1846-இல் பாரிசுக்குச் சென்று ஒய்ஜேன் இசபேயின் ஓவியக்கூடத்தில் சேர்ந்தவர். 1855-இல் கடனும் குடியும் நெருக்கவே ராட்டர்டாமுக்குத் திரும்பினார். ஆனால் சொந்த நாட்டில் அவருக்கு மனம் ஒட்டவில்லை. 1860-இல் பாரிஸ் ஓவிய நண்பர்கள் தங்கள் படங்களைக் கொடுத்து ஏலம் நடத்தி, அதில் சேர்ந்த பணத்தைக் கொண்டு அவரைத் திரும்ப அழைத்துக்கொண்டார்கள். சக கலைஞர்கள் இவ்வளவு தூரம் மெனக்கெட்டார்கள் என்பதே, அவரது கையின் திறமை அப்போதே அறியப்பட்டிருந்தது என்பதற்குப் போதிய சான்று.

1862-இல் நார்மண்டிக் கடற்கரையில் அவர் இளைஞரான மோனேயைச் சந்தித்தார். தம் கண்ணுக்கு முழுமையான பயிற்சி யோங்கிண்டிடமிருந்தே கிடைத்தது என்று மோனே பிற்காலத்தில் நன்றியுடன் குறிப்பிட்டதால், நூல்கள் பலவும் இவரை, திறந்தவெளியில் மாறும் ஒளியைத் தீட்டிய ஓவிய இயக்கமான இம்ப்ரஷனிசத்தின் முன்னோடி என்ற ஒரே சொல்லில் அடக்கிவிடுகின்றன. அது பொய்யன்று, ஆனால் போதாது என்பது என் கருத்து. 1874-இல் இம்ப்ரஷனிஸ்டுகள் நடத்திய முதல் கண்காட்சியில் அவர் பங்கேற்கவே இல்லை. எண்ணெய் வண்ணப் படங்களையும் அவர் திறந்தவெளியில் தீட்டியவரல்லர். வெளியில் பென்சில் கோடுகளின்மேல் நீர்வண்ணத்தை விரைவாக ஓட்டி, தாளின் வெண்மையையே ஒளியாக விட்டு வைப்பார், பிறகு அவற்றைக் கொண்டு ஓவியக்கூடத்தில் பெரிய படங்களை உருவாக்குவார். நோத்ர தாம் தேவாலயத்தை ஒரே இடத்திலிருந்து, ஒருமுறை குளிர்காலத்தின் வெள்ளி ஒளியிலும் மறுமுறை அந்திச் சிவப்பிலும் அவர் 1860-களிலேயே தீட்டியிருக்கிறார். ரூவான் தேவாலயத்தை மோனே வெவ்வேறு ஒளியில் வரிசையாகத் தீட்டியது 1890-களில்தான்.

பிரான்சில் இத்தனை காலம் வாழ்ந்தும் அவர் பார்வை டச்சுப் பார்வையாகவே இருந்தது. தாழ்ந்த தொடுவானம், படத்தின் பெரும்பகுதியை எடுத்துக்கொள்ளும் மேகம் நிறைந்த வானம், அருகில் நீர், அதில் ஒரு படகு: சேன் நதியைத் தீட்டினாலும் பதினேழாம் நூற்றாண்டு டச்சு ஓவியர்களின் அமைப்பு அடியில் தெரியும். பாரிசில் இருந்தபடியே நிலவொளியில் டச்சுக் கால்வாய்களையும் உறைபனிமீது சறுக்குபவர்களையும் தொடர்ந்து வரைந்தார். அவற்றை வாங்க ஆள் இருந்தார்கள் என்பதும் ஒரு காரணம். அந்த நிலவுப் படங்களில் சில எனக்குச் சலிப்பூட்டுகின்றன.

அவரைத் துணையாக இருந்து தாங்கியவர் ஓவிய ஆசிரியை ஜோசஃபின் ஃபெஸ்ஸே. 1878-இல் யோங்கிண்ட் அவருடைய குடும்பத்துடன் தென்கிழக்கு பிரான்சில் கிரெனோபிள் அருகிலுள்ள லா கோத் சேந்த் ஆந்த்ரே ஊரில் குடியேறி, 1891-இல் மனநோய் மருத்துவமனையில் இறக்கும்வரை அந்தப் பகுதியிலேயே வாழ்ந்தார். மலையும் வயலும் பனிமூடிய தெருக்களுமாக அங்கே செய்த நீர்வண்ணங்களிலிருந்தே தொடங்குங்கள். விற்பனையை எண்ணாமல் வரைந்த கை எப்படி இயங்கும் என்பது அவற்றில் தெளிவாகத் தெரியும். எண்ணெய் வண்ணங்களை அதன் பிறகு பார்க்கலாம்.